முந்நூற்று இருபத்தொன்பது தவணைகள்

எங்கள் சட்டைக் கம்பெனியில் மாஸ்டர் என்றால் ஒரே ஆள்தான். கட்டிங் மேஜைக்கு ஒரு பெண்ணைப் பொறுப்பாகப் போட்டபோது முணுமுணுத்தவர்கள் இருந்தார்கள். ஆறே மாதத்தில் வாயை மூடிக்கொண்டார்கள். நூறு மீட்டர் துணியில் மற்றவர்கள் பதினான்கு மீட்டரைக் கழிவாகத் தள்ளினால் அவர் பதினொன்றில் நிறுத்துவார். காலருக்கும் கைக்கும் நடுவில் விரல் அகலத்துக்குத் துணி வீணாகக் கிடந்தாலும் அவருக்கு வயிறு எரியும். வெட்டுக்கோடு வரைந்து துணிமேல் விரிக்கிற மார்க்கர் பேப்பரைச் சுருட்டி எடுத்துவிட்டு முதலிலிருந்து வரைவார்.

நான் அங்கே காஸ்ட்டிங் செக்ஷனில் இருந்தேன். ஒரு சட்டைக்குத் துணி எவ்வளவு, நூல் எவ்வளவு, பட்டன் எவ்வளவு, கூலி எவ்வளவு என்று கம்ப்யூட்டரில் போடுவது என் வேலை. கழிவுக் கணக்கை மாஸ்டர் தினமும் கொண்டுவந்து கொடுப்பார். அப்படித்தான் எங்களுக்குள் பழக்கம்.

அவர் வீட்டுக்காரர் ஃப்ரிட்ஜ் மெக்கானிக். கோபம் என்றால் என்ன விலை என்று கேட்கிற மனுஷன். நாத்தனாரின் புருஷன் அதற்கு நேரெதிர். இரண்டு போன், மூன்று பேனா, ஓயாத பேச்சு. வீட்டுக் கடன் வாங்கித் தருகிற ஏஜெண்ட். சொந்தக்காரர்கள் எல்லோருக்கும் அவர் ‘லோன் அண்ணே’. மாஸ்டரும் அண்ணே என்றுதான் கூப்பிடுவார்.

மூன்றாவது மாடியில் இரண்டு படுக்கையறை வீடு ஒன்று விலைக்கு வந்தபோது கடனை ஏற்பாடு செய்ததும் அவர்தான்.

“வாடகை கொடுக்கிறே இல்ல தங்கச்சி? இதையும் வாடகை மாதிரி நெனச்சுக்கோ. இருபது வருஷம், மாசம் இருபத்தாறாயிரத்துச் சொச்சம். கண்ணை மூடித் திறக்கிறதுக்குள்ள போயிடும்” என்றார். பென்சிலால் குறி போட்டிருந்த இடத்திலெல்லாம் புருஷனும் பெண்டாட்டியும் கையெழுத்துப் போட்டார்கள். மொத்தம் நாற்பத்து மூன்று கையெழுத்து. முப்பது லட்சம் கடன்.

ஒன்பது வருடம் ஒரு தவணை தவறவில்லை. மாஸ்டர் ஓவர்டைம் பார்த்தார். வீட்டுக்காரர் ஞாயிற்றுக்கிழமையும் ஸ்க்ரூடிரைவரோடு அலைந்தார். பாதிக் கடன் தீர்ந்திருக்கும், இன்னும் பதினோரு வருடம்தான் என்று இரண்டு பேரும் தெம்பாக இருந்தார்கள்.

மகளின் கல்லூரி உதவித்தொகை விண்ணப்பத்தில் கடன் பாக்கிக்குச் சான்று கேட்டிருந்தார்கள். சாப்பாட்டு நேரத்தில் அனுமதி வாங்கிக்கொண்டு மாஸ்டர் வங்கிக்குப் போனார். கவுண்டரில் இருந்த பெண் ஒரு தாளை அச்செடுத்துக் கொடுத்தாள். பாக்கி என்ற இடத்தில் இருபத்தாறு லட்சத்து இருபத்துநாலாயிரம் என்றிருந்தது.

“இது நாங்க இதுவரைக்கும் கட்டினதா இருக்கும்மா. பாக்கியைச் சொல்லுங்க.”

“கட்டினது இருபத்தெட்டு லட்சம் மேடம். இது பாக்கிதான்.”

“முப்பது வாங்கி இருபத்தெட்டு கட்டியாச்சு. அப்புறம் எப்படி இருபத்தாறு பாக்கி?”

“நீங்க கட்டினதுல அசலுக்குப் போனது மூணே முக்கால் லட்சம். மீதி வட்டிக்குப் போயிடுச்சு.”

இன்னும் எத்தனை மாதம் என்று மாஸ்டர் கேட்டார். இருநூற்று இருபத்தொன்று என்று பதில் வந்தது. விரலில் எண்ணிப் பார்த்தார். பதினெட்டு வருடம், ஐந்து மாதம்.

அந்தப் பெண் பாவம், பொறுமையாகத்தான் விளக்கினாள். மூன்றாம் வருடம் வட்டி எட்டரையிலிருந்து பத்துக்கு ஏறியிருக்கிறது. தவணையைக் கூட்டினால் ஆட்கள் திணறுவார்கள் என்று வங்கி தவணையைத் தொடாமல் மாதங்களை நீட்டிவிட்டது. இருபது வருடக் கடன் இருபத்தேழரை வருடமாகிவிட்டது.

“யாரைக் கேட்டு நீட்டினீங்க?”

“அப்பவே மெசேஜ் போயிருக்கு மேடம். புதுசா வர்றவங்களுக்கு இப்ப எட்டரைதான். ஒரு சின்னக் கட்டணம் கட்டினா உங்களுக்கும் மாத்தித் தருவோம். அதுக்கும் ரெண்டு தடவை மெசேஜ் அனுப்பியிருக்கோம்.” திரையைப் பார்த்து நம்பரைப் படித்தாள். அது லோன் அண்ணனின் இரண்டாவது போன் நம்பர்.

தாளின் அடியில் இன்னொரு வரி இருந்தது. முப்பது லட்சத்துக்குள் ஒரு லட்சத்து இருபதாயிரம் இன்சூரன்ஸ். வங்கியே கடனில் சேர்த்து, தானே கட்டிக்கொண்டது. அப்படி ஒன்று இருப்பதே மாஸ்டருக்கு அன்றுதான் தெரியும்.

திரும்பி வந்தவர் இரும்பு வலைக் கையுறையைக் கழற்றி மேஜையில் வைத்தார். “இன்னைக்கு நான் கத்தி மிஷினைத் தொடல. புத்தி வேற கணக்குல இருக்கு” என்று சூப்பர்வைசரிடம் சொல்லிவிட்டு, மாலை வரை துணி விரிக்கிற இடத்திலேயே நின்றார்.

வேலை விட்டதும் நேராக நாத்தனார் வீட்டுக்குப் போயிருக்கிறார். லோன் அண்ணே டீ குடித்துக்கொண்டிருந்தார்.

“என் நம்பர்தான். உன் வீட்டுக்காரர் போனை எடுக்கவே மாட்டார், அதான் போட்டேன். ஒரு நாளைக்கு நூறு மெசேஜ் வருது. எல்லாத்தையும் உக்காந்து படிக்க முடியுமா?”

“இன்சூரன்ஸ்?”

“அது எல்லாருக்கும் சேர்க்கிறதுதான்.”

“அதுல உங்களுக்கு எவ்வளவு வந்துச்சு?”

அவர் சிரித்தாராம். “துணி வெட்டுறவளுக்கு இந்தக் கணக்கெல்லாம் எதுக்குத் தங்கச்சி? மாசம் பொறந்தா கட்டிட்டுப் போயிட்டே இரு.”

மறுநாள் காலை அந்த வாக்கியத்தை அதே இழுவையோடு எனக்குச் சொல்லிக் காட்டினார் மாஸ்டர். கண்ணில் ஒரு சொட்டு ஈரம் இல்லை.

“சட்டைக்குப் போடுற மாதிரி என் வீட்டுக்கு ஒரு காஸ்ட்டிங் போடணும்.”

“மத்தியானத்துக்குள்ள போட்டுத் தரேன் மாஸ்டர்.”

“நீ போட வேணாம். எனக்குப் போடத் தெரியணும்.”

ஒரு வாரம் சாப்பாட்டு நேரமெல்லாம் என் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்தார். பாக்கிக்கு ஒரு மாத வட்டி எவ்வளவு, தவணையில் அது போக அசலுக்கு மிஞ்சுவது எவ்வளவு, அதைக் கழித்தால் அடுத்த மாதப் பாக்கி எவ்வளவு என்று வரிவரியாகப் போகிற கணக்கு. மொத்தம் முந்நூற்று இருபத்தொன்பது வரி. கடைசிக் கூட்டல் எண்பத்தைந்து லட்சத்து அறுபத்தைந்தாயிரம் என்று வந்தது.

“முப்பது லட்சம் போக மிச்சமெல்லாம் கழிவு. நூத்துக்கு அறுபத்தஞ்சு” என்றார். “நூறு மீட்டர்ல அறுபத்தஞ்சு மீட்டரை நான் கீழே தள்ளினா என்னை இங்க ஒரு நாள் வெச்சிருப்பாங்களா?”

நாலாம் நாள், கையில் ஐம்பதாயிரம் இருந்து அதை அசலுக்குக் கட்டினால் என்னாகும் என்று போட்டுப் பார்க்கச் சொன்னேன். தட்டினார். அடியில் பதினோரு வரி காணாமல் போயின. மறுபடி எடுத்தார், மறுபடி தட்டினார். ஐம்பதாயிரத்துக்குக் கிட்டத்தட்ட மூன்று லட்சம் தவணை மிச்சம். அந்த வாரத்தில் அப்போதுதான் அவர் முகத்தில் வெளிச்சம் வந்தது, அது நல்ல வெளிச்சம் இல்லை. “செத்துப் போச்சு பாரு, பதினோரு மாசம். ஒரே அடி” என்றார்.

அன்றிலிருந்து அவருக்கு அது கடன் இல்லை, எதிரி. சேமநிதியிலிருந்து ஐம்பதாயிரம் எடுத்துக்கொண்டு வங்கிக்குப் போனார். கவுண்டர் பெண் தவணையைக் குறைக்கவா என்று கேட்டதற்கு, “தவணை மேல கை வைக்காதீங்க. மாசத்தைக் குறைங்க. குறைச்சேன்னு எழுதிக் கொடுங்க” என்றார். கட்டணம் கட்டி வட்டியையும் எட்டரைக்கு மாற்றினார். போன் நம்பரைத் தன் நம்பராக்கினார். வளையல்கள் போயின. வீட்டுக்காரரின் வேனும் பிறகு போனது. அவர் பைக்கில் ஃப்ரிட்ஜ் சாமான்களைக் கட்டிக்கொண்டு போனார். மகள் கேட்ட லேப்டாப்புக்கு ஒரு வருடம் பொறு என்றார் மாஸ்டர். அந்த ஒரு வருடம் இரண்டாயிற்று.

அதே சமயத்தில் லோன் அண்ணே எங்கள் கம்பெனிக்கே வந்தார். பக்கத்தில் புதிதாக அடுக்குமாடி கட்டிக்கொண்டிருந்தார்கள். கேன்டீனில் ஒரு மேஜை போட்டுத் தொழிலாளிகளுக்குக் கடன் விண்ணப்பம் கொடுக்க நிர்வாகம் அனுமதித்திருந்தது. சனிக்கிழமை சாப்பாட்டு நேரம். முப்பது பேருக்கு மேல் பேர் கொடுத்திருந்தார்கள்.

அன்றைக்குக் காலையிலேயே மாஸ்டர் மிச்ச மார்க்கர் பேப்பரைக் கட்டிங் மேஜையில் நீளத்துக்கு விரித்துவிட்டார். மூன்று சென்டிமீட்டருக்கு ஒரு கட்டமாக முந்நூற்று இருபத்தொன்பது கட்டம். ஒவ்வொன்றிலும் வட்டி சிவப்பு, அசல் நீலம். பத்து மீட்டர் நீளத்துக்குப் படுத்துக் கிடந்தது அவருடைய கடன். விண்ணப்பம் கொடுக்க வந்த தையல் பிரிவுப் பெண்களைக் கேன்டீன் வாசலிலேயே மடக்கினார்.

“கையெழுத்துப் போடுறதுக்கு முன்னால என் வீட்டை ஒரு தடவை நடந்து பாத்துட்டு வாங்க.”

அவர்கள் மேஜையோரமாக நடந்தார்கள். முதல் கட்டத்திலேயே நீலம் நூல் அகலம்தான். இருபத்தைந்தாவது கட்டத்தில் சிவப்பு இன்னும் மேலே ஏறியது. “இங்கதான் வட்டி ஏறிச்சு. எனக்கு யாரும் சொல்லல” என்றார் மாஸ்டர். நடந்துகொண்டே இருந்தார்கள். மேஜையின் முக்கால் பங்கு தாண்டி, இருநூற்று நாற்பத்தாறாவது கட்டத்தில்தான் சிவப்பும் நீலமும் சமமாயின. பட்டன் தைக்கிற பெண் அங்கேயே நின்று, “இருபது வருஷம் ஆகுமா இந்த இடத்துக்கு வர்றதுக்கு?” என்று கேட்டாள்.

“அதுக்கு மேல. அவர்கிட்ட நாலு கேள்வி கேளுங்க. வட்டி ஏறினா மாசத்தை நீட்டுவீங்களா? யார் போனுக்குச் சொல்லுவீங்க? இன்சூரன்ஸை எங்க ஒளிச்சு வெச்சிருக்கீங்க? கடைசி மாசம் வரைக்கும் மொத்தம் எவ்வளவு கட்டணும்? நாலுக்கும் எழுத்துல பதில் வாங்குங்க.”

கேட்டார்கள். முதல் இரண்டு பேருக்கு லோன் அண்ணே சிரித்துச் சமாளித்தார். பத்தாவது ஆளும் அதே நாலு கேள்வியைக் கேட்டபோது பேனாவை மூடினார். அன்றைக்கு ஒரு விண்ணப்பமும் நிரம்பவில்லை. வெளியே போகிற வழியில் கட்டிங் அறைக் கண்ணாடி வழியாகப் பார்த்தார். மாஸ்டர் மேஜையின் அந்தக் கோடியில் கையைக் கட்டிக்கொண்டு நின்றார். தலையை மட்டும் லேசாக ஆட்டினார், விருந்தாளியை வழியனுப்புகிற மாதிரி.

அவர் அதோடு விடவில்லை. அந்தப் பேப்பர் சுருள் ஞாயிற்றுக்கிழமைகளில் வேறு இரண்டு கம்பெனிகளுக்கும் போனது. போன் நம்பர் விஷயத்தையும் இன்சூரன்ஸ் விஷயத்தையும் ஆதாரத்தோடு எழுதி வங்கியின் தலைமை அலுவலகத்துக்கு ஒரு புகாரும் தயாரானது. நான்தான் டைப் அடித்தேன். செய்தி எப்படியோ நாத்தனார் காதுக்குப் போய்விட்டது.

அடுத்த ஞாயிறு புருஷனும் பெண்டாட்டியுமாக மாஸ்டர் வீட்டுக்கு வந்தார்கள். நாத்தனார் அழுதார். லோன் அண்ணே தரையைப் பார்த்துக்கொண்டு, “இன்சூரன்ஸ்ல எனக்கு வந்தது பதினெட்டாயிரம். அதைத் திருப்பிக் கொடுத்துடறேன். அந்தக் கடுதாசியை அனுப்ப வேணாம். லைசென்ஸ் போயிடும்” என்றார்.

மாஸ்டர் உள்ளே போய் ஒரு தாளை எடுத்துவந்தார். முன்னமே போட்டு வைத்திருக்கிறார்.

“நீங்க என் தலையில கட்டினது ஒரு லட்சத்து இருபதாயிரம் அண்ணே. முந்நூத்தி இருபத்தொம்பது தவணையில அது மூணு லட்சத்து நாப்பத்திரண்டாயிரம் ஆகுது. அதுதான் என் கணக்கு.”

“ஒரேயடியா நான் எங்கே போவேன்?”

“ஒரேயடியா யார் கேட்டா? மாசம் நாலாயிரம். ஏழு வருஷத்துக்குக் கொஞ்சம் மேல. வாடகை மாதிரி நெனச்சுக்கோங்க.”

மாஸ்டரின் வீட்டுக்காரர்தான் மெதுவாக, “இது பழிவாங்கற மாதிரி இருக்கு” என்றார்.

“ஆமா” என்றார் மாஸ்டர். “அதேதான்.”

லோன் அண்ணே கையெழுத்துப் போட்டார். எங்கே போட வேண்டும் என்று மாஸ்டர் பென்சிலால் குறி வைத்துக் கொடுத்தாராம். அந்த நாலாயிரத்தோடு தன் ஆறாயிரத்தையும் சேர்த்து மாதாமாதம் அசலில் போட்டார். பதினெட்டு வருடமும் சொச்சமும் இருந்த கடன் ஆறரை வருடத்தில் முடிந்தது.

பத்திரத்தைத் திரும்ப வாங்கப் போன அன்று நானும் கூடப் போனேன். மேனேஜர் எழுந்து வந்து கை கொடுத்தார். உங்களை மாதிரி ஒழுங்கான வாடிக்கையாளருக்கு இன்னொரு கடன் உடனே கிடைக்கும், வீட்டை இடித்துப் பெரிதாக்கலாமே என்றார். மூன்றாவது மாடியை எப்படி இடிப்பது என்று மாஸ்டர் கேட்டார். பத்திரத்தின் ஒவ்வொரு பக்கத்தையும் எண்ணிப் பார்த்த பிறகுதான் நாற்காலியிலிருந்து எழுந்தார். வங்கியை ஒன்றும் செய்ய முடியவில்லை என்ற வருத்தம் அவருக்குக் கடைசிவரை இருந்தது. “அதுக்கு மூஞ்சியே இல்லை. யாரைப் பாத்துத் தலையாட்டுறது?” என்றார் படி இறங்கும்போது.

பஸ்ஸில் லோன் அண்ணனைப் பற்றிக் கேட்டேன். அவருக்குத் தொழில் படுத்துவிட்டது, ஒரு டைல்ஸ் கடையில் கணக்கு எழுதுகிறார் என்றார்.

“இன்னும் எத்தனை பாக்கி?”

“ஒம்பது.”

“உங்க கடன்தான் முடிஞ்சுடுச்சே மாஸ்டர். அந்த ஒம்பதை விட்டுடலாமே.”

“எனக்கு ஒண்ணையாவது யாராவது விட்டாங்களா?”

ஒன்பதும் வந்தன. கடைசித் தவணையை நாத்தனார்தான் கொண்டுவந்து வைத்தார். மாஸ்டர் ரசீது எழுதிக் கொடுத்தார், புகார்க் கடிதத்தையும் அவர் கண் முன்னாலேயே கிழித்தார். நாத்தனார் தண்ணீர்கூடக் குடிக்காமல் போனார். இரண்டு வீட்டுக்கும் இப்போது போக்குவரத்து இல்லை. மாதத்துக்கு ஒரு தடவை மாஸ்டரின் வீட்டுக்காரர் மட்டும் அக்காவைப் பார்க்கப் பைக்கில் போய்விட்டு வருகிறார். போகும்போது சொல்லிக்கொள்வதில்லை, வந்த பிறகும் அங்கே பேசியதைச் சொல்வதில்லை.

மனசு ஆறிவிட்டதா என்று ஒரு நாள் கேட்டேன். தப்பான கேள்வி கேட்டுவிட்டோமோ என்று பட்டது. மாஸ்டர் யோசிக்கவே இல்லை.

“நல்லா ஆறிடுச்சு” என்றார். “ராத்திரி படுத்தா உடனே தூக்கம் வருது.”