மாமுனிவர் யாரோ

எங்கள் பதிப்பகத்தில் மெய்ப்புப் பார்க்கும் அக்காவை எல்லோரும் புள்ளியக்கா என்றுதான் கூப்பிடுவோம். எழுத்தின் தலையில் ஒரு புள்ளி விடுபட்டாலும் தாளைத் தூக்கிக்கொண்டு என் மேசைக்கு வந்துவிடுவார். பத்தொன்பது வருடமாக நான் கணினியில் பக்கம் கோக்கிறேன். பத்தொன்பது வருடமாக அவரிடம் திட்டு வாங்குகிறேன்.

அவர் விடுப்பு எடுத்தது ஒரே ஒரு நாள். அன்றைக்கென்று பார்த்து 'உயர்கல்வி வழிகாட்டி' என்ற புத்தகம் அச்சுக்குப் போனது. 'ல்' தலையிலிருந்த புள்ளி மட்டும் போகவில்லை. அட்டையில் வந்த தலைப்பை இங்கே எழுத எனக்குக் கூச்சமாக இருக்கிறது. புத்தகம் என்னவோ இரண்டே நாளில் விற்றுத் தீர்ந்தது, வாங்கியவர்கள்தான் ஏமாந்துபோனார்கள். புள்ளியைத் தொலைத்தவன் நான். முதலாளி கூப்பிட்டது அக்காவை.

"இன்னும் ஒரு பிழை வெளிய போச்சுன்னா, மெய்ப்ப மெஷினே பாத்துக்கட்டும். ஆளே வேணாம்."

அதற்குப் பிறகு அக்கா காய்ச்சலோடுகூட வேலைக்கு வந்தார். வீட்டில் சம்பாதிப்பவர் அவர் ஒருவர்தான். கணவருக்கு முதுகுவலி, வேலை என்ற சொல் காதில் விழுந்தால் மட்டும் வரும் வலி.

இல்லாத நாட்டு ராஜாக்களைப் பற்றித் தொடர்நாவல் எழுதும் எழுத்தாளர் ஒருவர் எங்களுக்கு உண்டு. மூன்றாம் பாகத்தில் அவருடைய மகாராணி கர்ப்பமானாள். அக்கா விரல்விட்டு எண்ணிப் பார்த்துவிட்டு ஃபோனை எடுத்தார்.

"சார், ராணிக்குப் பதினாலு மாசம் ஆச்சு. இன்னும் பெறல."

"நடுவுல போர் வந்துருச்சேம்மா."

"போர் வந்தா புள்ள காத்துக்கிட்டு இருக்குமா சார்?"

"அந்த நாட்டுல மாசக் கணக்கே வேறம்மா. நீங்களே ஒண்ணு போட்டுக் குடுங்களேன்."

போட்டார். பழைய மெய்ப்புத் தாள்களின் பின்பக்கத்தில், மூன்று மதிய இடைவேளைகளில், ஒரு நாட்டுக்கே நாள்காட்டி. பதிமூன்று மாதம், மாதத்துக்கு இருபத்தெட்டு நாள். ராணி பத்தாம் மாதம் பெற்றுப் பிழைத்தாள்; போரைத்தான் சுருக்க வேண்டியிருந்தது. தன் மாமியார் வந்து தங்கும் மாதத்துக்குப் பெருமூச்சு என்றும், கிளம்பிப் போகும் மாதத்துக்கு இளந்தென்றல் என்றும் பெயர் வைத்தார். மிஞ்சிய ஒரு நாளை எந்த மாதத்திலும் சேர்க்கவில்லை. அன்று ராஜாவும் வேலை செய்யக்கூடாது, சமையல்காரியும் செய்யக்கூடாது. அதற்குப் பெயர் 'சும்மா நாள்'. விடுப்பே எடுக்காத மனுஷி வேறு எதைக் கண்டுபிடிப்பார்?

எழுத்தாளர் தன் பங்குக்கு ஒரு வரி சேர்த்தார்: இந்த நாள்காட்டியை வகுத்தவர் மாமுனிவர் இன்னார் என்று. இன்னாருக்குப் பெயர்தான் தோன்றவில்லை போலும், இடம் விட்டிருந்தார். அக்கா ஓரத்தில் சிவப்பு மையில் "யாரோ?" என்று எழுதி என்னிடம் அனுப்பினார். எழுத்தாளரைக் கேட்டு நிரப்பு என்று அதற்கு அர்த்தம். எனக்கு அப்போது நல்ல பசி. ஓரத்தில் இருந்ததை அப்படியே உள்ளே ஏற்றிவிட்டேன். கேள்விக்குறியை மட்டும் விட்டேன்; ஒரு முனிவர் பெயரில் அது நன்றாக இருக்காதே என்று என் சொந்தப் புத்தி சொன்னது.

கடைசி மெய்ப்பில் அக்காவும் அதைப் பிடிக்கவில்லை. 'யாரோ' என்ற சொல்லில் புள்ளியே கிடையாது.

புத்தகம் வந்து மூன்று வாரம் கழித்துத்தான் பார்த்தார். புத்தகத்தைத் தூக்கிக்கொண்டு என் மேசைக்கு வந்தார்.

"என்ன காரியம் பண்ணி வச்சிருக்க தம்பி?"

"யாரும் கவனிக்க மாட்டாங்கக்கா. பேசாம இருங்க."

"பிழைன்னா பிழைதான். வேலை போனாப் போகுது, நானே போய்ச் சொல்லிடறேன்."

நான்தான் செய்தேன் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. வெட்கத்தோடு பின்னாலேயே போனேன்.

முதலாளி அறையில் எழுத்தாளர் உட்கார்ந்திருந்தார், மடி நிறையக் கடிதங்களோடு. யாரோ முனிவர் எந்த மலையில் இருந்தார், யாரோவின் குரு யார் என்று வாசகர்கள் துளைத்தெடுத்திருந்தார்கள். ஒருவர் யாரோவின் ஆணைப்படி சும்மா நாளன்று ஆபீசுக்குப் போகாமல் மெமோவும் வாங்கியிருந்தார்.

"அந்தப் பேரு எனக்கு எப்படித் தோணுச்சுன்னே தெரியல" என்று எழுத்தாளர் கண்ணை மூடிக்கொண்டார்.

"சார், அது பிழை" என்றார் அக்கா.

முதலாளி விழுந்து விழுந்து சிரித்தார். "உங்களுக்கு எல்லாமே பிழைதான். இது இலக்கியம்மா. போய் வேலையப் பாருங்க."

வேலை தப்பியது. அக்கா தன் மேசைக்குத் திரும்பி அடுத்த தாளை எடுத்தார். அந்த நாள்காட்டியே அவர் போட்டதுதான் என்று அந்த அறையில் ஒருவருக்கும் ஞாபகம் வரவில்லையே என்று எனக்கு வயிறு எரிந்தது. மறுநாள் எழுத்தாளரை ஃபோனில் பிடித்து, என் பசி உட்பட, நடந்ததை ஒன்றுவிடாமல் கொட்டினேன்.

நல்ல மனுஷர். நான்காம் பாகத்தின் முதல் பக்கத்தில், நாள்காட்டியை வகுத்துத் தந்தவருக்கு நன்றி என்று ஒரு வரி எழுதி அனுப்பினார். பெயர் வரவேண்டிய இடத்தை மறுபடியும் காலியாக விட்டிருந்தார். அக்காவின் உண்மைப் பெயர் என்ன என்று முதலாளியிடம் கேட்டேன். "புள்ளியம்மாதானே?" என்றார். சிரிக்க வாயெடுத்தவன் அடக்கிக்கொண்டேன். பத்தொன்பது வருடம், எனக்கும் தெரியாது.

தாளை அக்காவிடமே கொண்டுபோனேன். அந்த வரியைப் படித்தார். பிறகு சிவப்புப் பேனாவைத் திறந்து எழுதி, என் பக்கம் தள்ளினார்: யாரோ.

"உங்க பேர எழுதுங்கக்கா."

"அதத்தான் எழுதியிருக்கேன். இந்தத் தடவையாவது கேட்டுட்டு ஏத்தறியே." பையைத் தோளில் மாட்டிக்கொண்டார். "நாளைக்கு நான் வரல தம்பி. சும்மா நாள்."

மறுநாள் காலியான நாற்காலியைப் பார்த்து முதலாளி என் மேசைக்கு வந்தார்.

"யாரு லீவு குடுத்தது?"

"யாரோ" என்றேன்.