சிரிக்கும் அம்மா வேடம்

எங்கள் படப்பிடிப்புத் தளத்தில் அவருக்கு 'அழுமூஞ்சி அக்கா' என்று பெயர். முப்பது வயதிலேயே அவர் தலையில் நரை பூசி, அவரைவிட மூத்த கதாநாயகனுக்கு அம்மாவாக்கியவள் மேக்கப்காரியான நான்தான். அன்றிலிருந்து அழுகைதான் அவருக்குச் சோறு போட்டது. கிளிசரின்கூட வேண்டாம், 'ஆக்‌ஷன்' என்றதும் கண் குளமாகிவிடும்.

இப்போது காலம் மாறிவிட்டதாம். படத்தில் கிழவிகளும் காதலிக்கிறார்கள், பைக் ஓட்டுகிறார்கள். வெகுநாளாக வேலையில்லாமல் கிடந்த அக்காவுக்கு அப்படியொரு வேடம் கிடைத்தது. மேக்கப் போடும்போது என் கையைப் பிடித்துக்கொண்டார்.

"இதையும் விட்டா எனக்கு வேற போக்கிடம் இல்லடி."

காதலனைப் பார்த்துச் சிரிக்க வேண்டும், அவ்வளவுதான் காட்சி. 'ஆக்‌ஷன்' என்றார்கள். உதடு சிரித்தது, கண் நீரைக் கொட்டியது. துடைத்துத் துடைத்து எனக்குக் கை ஓய்ந்தது.

"உங்கள யாரும்மா அழச் சொன்னா?" என்றார் மகன் வயது இயக்குநர்.

"நான் அழலப்பா. அதுவா வருது."

மதியத்துக்குள் வேறொருத்தியை வரவழைத்தார்கள். நாற்பதுகூட இருக்காது, நன்றாகச் சிரித்தாள். அவள் தலைக்கு நரை பூச உட்கார்ந்தேன். கண்ணாடியில், எங்கள் முதுகுக்குப் பின்னால், அக்கா இன்னும் சிரித்துப் பழகிக்கொண்டிருந்தார்.