செங்கல் விழுந்த உயரம்

பாடம் என்று வந்துவிட்டால் இயற்பியல் வாத்தியாரை யாரும் அசைக்க முடியாது. பையன்கள் விடையில் அலகு போட மறந்தால், "மூணுன்னா என்ன? மூணு கழுதையா?" என்று கேட்டு மானத்தை வாங்கிவிடுவார். வீட்டிலும் அதே கெடுபிடிதான். மாடிப்படி ஏறி மூச்சு வாங்கும் மனைவியிடம், எத்தனை ஜூல் செலவானது என்று சொல்லி வாங்கிக் கட்டிக்கொள்வார். குடியிருப்பில் எதற்கெடுத்தாலும் "சாரைக் கேளுங்க" என்பார்கள். அந்தப் பெருமையில் மனுஷன் கொஞ்சம் மிதந்துகொண்டுதான் இருந்தார்.

அன்று காலை, நாலாம் மாடிக் கைப்பிடிச் சுவரில் காய்ந்த போர்வையை வெடுக்கென்று இழுத்தார். அது பறக்காமலிருக்க வைத்திருந்த செங்கல் கீழே போய்விட்டது. காவலாளி அறையின் தகரக் கூரையை நெளித்து, சரிந்து, வாசலில் நின்ற காவலாளியின் தோளைப் பதம் பார்த்தது. வாத்தியார் சட்டென்று குனிந்துகொண்டார். குனிந்தாரே, அங்கேதான் பிடித்தது சனி.

கீழே கூட்டம் கூடிவிட்டது. அறைக்கு நேர் மேலே ஆள் இருந்தது இரண்டே வீட்டில். நாலாம் மாடியில் இவர். இரண்டாம் மாடியில் தனியாளாகத் தைத்துப் பிழைக்கும் தையல்கார அக்கா. அவளும் சுவரில் செங்கல் வைத்துத்தான் துணி காயப்போடுவாள்.

"எந்த மாடின்னு நீங்கதான் சார் சொல்லணும்" என்றார் குடியிருப்புச் சங்கச் செயலாளர்.

வாத்தியாரின் பாழாய்ப்போன மூளை ஓடியது. "நிறை, புவியீர்ப்பு முடுக்கம், உயரம், மூணையும் பெருக்கினா விழுற பொருள் மேல ஈர்ப்பு செஞ்ச வேலை. செங்கல் மூணு கிலோ. நாலாம் மாடின்னா பன்னண்டு மீட்டர், முந்நூத்தி அறுபது ஜூல். தகரம் கிழிஞ்சே போயிருக்கும். இது நெளிஞ்சுதானே இருக்கு? அப்ப பாதி உயரம்."

பெருக்கல் சரி. எந்தத் தகரம் எத்தனை ஜூலில் கிழியும் என்பதுதான் அவருக்குத் தெரியாது. அதை யாரும் கேட்கவில்லை. எல்லோரும் அக்கா பக்கம் திரும்பினார்கள். "மனுஷன் உசுரு விளையாட்டா போச்சாம்மா?" என்று ஒருவர் சீறினார்.

"நம்ம செங்கல் எங்கங்க?" என்று மனைவி கேட்டபோது அவர் செய்தித்தாளுக்குள் முகத்தைப் புதைத்துக்கொண்டார். வெட்கம் பிடுங்கித் தின்றது. வகுப்பில் அதே பாடம் வந்த அன்று, பலகைப் பக்கம் திரும்பியவர் பையன்களை ஏறெடுத்தும் பார்க்கவில்லை.

அந்த வாரமே அக்கா கதவைத் தட்டினாள்.

"சார், எவ்வளவு யோசிச்சாலும் தள்ளிவிட்டதா ஞாபகமே இல்ல. சுவர்ல எத்தனை செங்கல் வெச்சிருந்தேன்னு எண்ணி வெச்சதும் இல்ல. ஆனா நீங்களே கணக்குப் போட்டுச் சொல்லிட்டீங்க, தப்பாவா இருக்கும்? காவக்காரர்கிட்ட மன்னிப்புக் கேக்கணும். தனியா போகக் கூச்சமா இருக்கு. கூட வர்றீங்களா?"

போனார். தோளில் கட்டோடு உட்கார்ந்திருந்த காவலாளி முன் அவள் கைகூப்பி, "அண்ணே, என்னை..." என்று ஆரம்பித்ததும் அவருக்குப் பொறுக்கவில்லை.

"அவங்க இல்லண்ணே, நான். என் செங்கல்தான். பயந்துபோய்ப் பழியை அவங்க தலையில போட்டுட்டேன்."

காவலாளி முகத்தைத் திருப்பிக்கொண்டார். நாலு அறை விழுந்தால்கூடத் தேவலை போலிருந்தது வாத்தியாருக்கு. அக்கா திட்டவுமில்லை. தன் இரண்டு கைகளையும் விரித்துப் பார்த்தாள்.

"இந்தக் கையை நம்பாம, கத்திரி எடுக்கவே பயந்துகிட்டுக் கெடந்தேனே சார்" என்றாள். "வந்த துணியையெல்லாம் திருப்பிக் குடுத்துட்டேன்."