ஆட்டுக்குப் பதில் நாய்க்குட்டி

"ஆட்ட எடுத்திருங்கம்மா. நாய்க்குட்டியப் போட்டுக்கலாம். பிள்ளைங்களுக்கு நாய்க்குட்டின்னா ரொம்பப் பிடிக்கும்."

அவர் வேடிக்கைக்குச் சொல்கிறார் என்று நினைத்துச் சிரித்துவிட்டேன். சிரம்பானை ஒட்டிய ரஹாங்கில் அவர் வீட்டு முன்னறை. என் கதையின் நூற்றுப் பத்துப் பக்கங்களும் அவர் மடியில் இருந்தன. சிவப்புப் பேனாவால் ஓரங்களில் குறித்திருந்தார். நான் சிரித்து முடித்த பிறகும் அவர் முகம் மாறவில்லை. அப்போதுதான் எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

அவர் ஓய்வு பெற்ற ஆசிரியர். தமிழ்ப்பள்ளிப் பிள்ளைகளுக்காக ஆண்டுதோறும் வெளிவரும் கதைப்புத்தக வரிசைக்கு அவர்தான் பதிப்பாசிரியர். நல்ல மனிதர், குரலை உயர்த்தவே மாட்டார். அதுதான் எரிச்சல். கத்தியிருந்தால் நானும் பதிலுக்குக் கத்தியிருப்பேன். அவரோ பிஸ்கட் தட்டை என் பக்கம் தள்ளிக்கொண்டே என் கதையை அறுத்தார்.

கதை ஒன்றும் பெரிய சிக்கலானது இல்லை. செனாவாங் டவுனில் வளரும் மூன்று பிள்ளைகள், அக்காள் தங்கை வீட்டுப் பிள்ளைகள், திருவிழாவுக்காக, எண்ணெய் எடுக்கும் செம்பனைத் தோட்டத்துக்குப் போகிறார்கள். முனியாண்டி கோயிலுக்குக் கொண்டுவந்த ஆடு கயிற்றை அறுத்துக்கொண்டு செம்பனைக் காட்டுக்குள் ஓடிவிடுகிறது. பெரியவர்கள் பந்தல் போடும் மும்முரத்தில் இருக்க, பிள்ளைகள் மூவரும் தாங்களே ஆட்டைத் தேடிக் கிளம்பி, வழி தவறி, பொழுது சாய்வதற்குள் எப்படியோ திரும்பி வருகிறார்கள். புதையல் கிடையாது. கொள்ளைக்காரன் கிடையாது. வெளிநாட்டிலிருந்து வரும் விஞ்ஞானி மாமாவும் கிடையாது.

புக்கிட் பெலண்டோக் பக்கத்துத் தோட்டம் ஒன்றில் பதின்மூன்று வயதுவரை வளர்ந்தவள் நான். அம்மா முதலில் பால்மரம் சீவினார். ரப்பரை வெட்டிச் செம்பனை நட்டபிறகு, குலையிலிருந்து சிதறும் உதிரிப்பழம் பொறுக்கினார். இன்றைக்கு நான் செனாவாங்கில் ஒரு தொழிற்சாலை அலுவலகத்தில் வேலை செய்கிறேன். சனி, ஞாயிறுகளில் சாப்பாட்டு மேசையில் உட்கார்ந்து இரண்டு வருடம் இந்தக் கதையை எழுதினேன். இதுதான் என் முதல் புத்தகம். வரவேண்டும் என்ற ஆசை எனக்கு எவ்வளவு இருந்தது என்றால், அவர் வீட்டுக்குப் போகும்போது நல்ல சேலை கட்டிக்கொண்டு மோட்டார் சைக்கிளில் போனேன்.

அவர் மூன்று திருத்தம் கேட்டார். முதலாவது, பிள்ளைகள் தோட்டத் தொழிலாளர்களின் வரிசைக் குடியிருப்பான லயத்தில் தங்கக் கூடாது. லயம் என்றால் இந்தக் காலத்துப் பிள்ளைகளுக்குத் தெரியாதாம். அதனால் மலையடிவாரத்தில் ஒரு விடுதி. இரண்டாவது, கதையில் வரும் அம்மா பழம் பொறுக்கக் கூடாது. "டாக்டரா வெச்சிருங்க. பிள்ளைங்களுக்கு ஒரு ஊக்கமா இருக்கும்ல" என்றார். மூன்றாவதுதான் ஆடு.

"சார், முனியாண்டி கோயில் திருவிழாவுக்கு நாய்க்குட்டி எதுக்கு சார்?"

"திருவிழாவே எதுக்கும்மா? பிக்னிக்னு போட்டுக்கலாமே."

டாக்டர் அம்மா, மலையடிவார விடுதி, நாய்க்குட்டி, பிக்னிக். இந்தக் குடும்பத்தை நான் என் வாழ்நாளில் நேரில் பார்த்ததே இல்லை. புத்தகங்களில் மட்டும் சிறுவயதிலிருந்தே பார்த்து வருகிறேன். பிள்ளைகள் காட்டுக்குள் துணிச்சலாகப் போகலாம், ஆனால் அந்தக் காட்டில் அவர்கள் அம்மா வேலை செய்யக் கூடாது. இது என்ன நியாயம்? எங்களுக்குக் காடு என்பது லீவுக்குப் போகிற இடம் இல்லை. சமையல்கட்டின் பின்கதவைத் திறந்தால் காடு. பாம்பையும் பன்றியையும் நாங்கள் சாகசம் என்று சொல்லிக்கொண்டதில்லை. அந்த வாழ்க்கையை இன்னொருவர் வந்து, பிள்ளைகளுக்குப் புரியாது என்று ஒரு சிவப்புக் கோட்டால் அடிக்க எப்படி மனம் வருகிறது?

"அடுத்த திங்கட்கிழமைக்குள்ள குடுத்திருங்க. அன்னிக்கு லிஸ்ட் அனுப்பணும். இல்லன்னா இந்த வருஷம் முடியாதும்மா" என்று வாசல்வரை வந்து வழியனுப்பினார்.

ரஹாங்கிலிருந்து செனாவாங் வரும்வரை ஹெல்மெட்டுக்குள் அவரைத் திட்டிக்கொண்டே வந்தேன். சிக்னலில் பக்கத்து மோட்டார்க்காரர் திரும்பிப் பார்க்கிற அளவுக்குத் திட்டினேன். வீட்டுக்கு வந்ததும் சேலையைக்கூட மாற்றாமல் அவருக்கு வாட்சப்பில் நீளமாக எழுதினேன். தோட்டத்தைப் பார்த்து வெட்கப்படுகிறவர்கள் தோட்டத்துப் பிள்ளைகளுக்குப் புத்தகம் போடக் கூடாது என்பது அதில் ஒரு வரி. அனுப்பிவிட்டேன். "திங்கள் வரை காத்திருக்கிறேன்" என்று மட்டும் பதில் வந்தது.

ஷிப்ட் முடிந்து வந்த என் கணவர் காலணியைக் கழற்றிக்கொண்டே கேட்டார். "ஒரு நாய்க்குட்டிக்கா இவ்ளோ சண்ட? போட்டுட்டுப் போ லா. புக்கு வந்தா போதாதா?"

போதாது. தெரியாது என்று அவர் எப்படிச் சொல்லலாம்? எந்தப் பிள்ளையைக் கேட்டார்? நான் கேட்டுக் காட்டுகிறேன் என்று முடிவு செய்தேன். என் பள்ளித்தோழி ஒருத்தி புக்கிட் பெலண்டோக் அருகே ஒரு சின்னத் தமிழ்ப்பள்ளியில் ஆசிரியை. அவளிடம் சொல்லி, தலைமையாசிரியரிடம் அனுமதி வாங்கி, வெள்ளிக்கிழமை லீவு போட்டுவிட்டுப் போனேன். ஐந்தாம் வகுப்பு, பதினான்கு பிள்ளைகள். "என் கதைய வாசிக்கப்போறேன், நீங்க பேசுறதப் பதிவு பண்ணிக்கவா?" என்று கேட்டேன். ஓ என்று கத்தினார்கள். போனை மேசையில் வைத்துப் பொத்தானை அழுத்தினேன். அந்தப் பதிவை அப்படியே ரஹாங்குக்கு அனுப்பி அவர் மூக்கை உடைப்பதுதான் திட்டம்.

முதல் அரைமணி நேரம் நான் கனவு கண்ட மாதிரியே போனது. ஆடு கயிற்றை அறுத்த இடத்தில் பின்வரிசையில் ஒரு பையன் மேசையில் தாளம் போட்டான். அம்மா கையுறையைக் கழற்றி உள்ளங்கையில் குத்திய முள்ளைப் பார்க்கும் இடத்தில், "எங்கம்மாவும் இப்படித்தான், ஊசி வெச்சு எடுப்பாங்க" என்றாள் ஒருத்தி. லயம் என்றால் என்னவென்று ஒரு பிள்ளைகூடக் கேட்கவில்லை. கேட்டீர்களா சார், கேட்டீர்களா என்று மனசுக்குள் கூவிக்கொண்டே வாசித்தேன்.

அடுத்த அத்தியாயத்தில் மூன்று பிள்ளைகளும் முனியாண்டி கல்லைத் தாண்டிக் காட்டுக்குள் ஓடுகிறார்கள். அங்கே முன்வரிசையில் இரட்டைச் சடை போட்ட ஒரு பெண் கையைத் தூக்கினாள்.

"ஆண்ட்டி, கல்லத் தாண்டிப் போறாங்கல்ல, ஒருத்தர்கூட கொப்பு ஒடிச்சுப் போடலியே?"

தோட்டத்தில் பிறந்தவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. மற்றவர்களுக்காகச் சொல்கிறேன். குடியிருப்பு முடிந்து காடு தொடங்கும் இடத்தில் முனியாண்டிக்கு ஒரு கல்லோ மரமோ இருக்கும். உள்ளே போகிறவர்கள் பச்சைக் கொப்பு ஒன்றை ஒடித்து அதன் அடியில் போட்டு, "போய்ட்டு வரேங்கய்யா" என்று சொல்லிவிட்டுத்தான் போவார்கள். விறகுக்குப் போனாலும் மீன் பிடிக்கப் போனாலும் அப்படித்தான். அடியில் காய்ந்த கொப்புகள், மேலே பச்சைக் கொப்புகள் என்று இடுப்பளவு குவிந்து கிடக்கும்.

நான் வாயைத் திறப்பதற்குள் தாளம் போட்ட பையன் முந்திக்கொண்டான். "அதுக்குத்தான் அவங்க தொலஞ்சு போறாங்க! கொப்புப் போடாமப் போனா முனியாண்டி வழிய மறைச்சிருவாரு. அதான ஆண்ட்டி கதை?"

வகுப்பே தலையாட்டியது. ஆமாம் என்று சொல்லித் தப்பித்திருக்கலாம். என்னுடையதைவிட அவன் கதை நன்றாகவும் இருந்தது. ஆனால் அடுத்த பக்கத்திலேயே, காட்டுப் பகுதியின் எண் எழுதிய வழிப்பலகை சாய்ந்து கிடந்ததால் வழி தவறியது என்று எழுதி வைத்திருந்தேன்.

"இல்லப்பா. பலகை விழுந்திருச்சு, அதனாலதான்."

"அப்ப ஏன் கொப்புப் போடல?" என்றாள் அந்தப் பெண்.

"மறந்துட்டேன்மா."

அவள் என்னை மேலும் கீழும் பார்த்தாள். கிண்டல் இல்லை, உண்மையாகவே அவளுக்குப் புரியவில்லை. "அது எப்படி மறக்கும்? ஆண்ட்டி எஸ்டேட்டுக்குப் போனதே இல்லியா?"

தோழி ஏதோ சொல்லிப் பிள்ளைகளை அடக்கினாள். மீதிக் கதையை எப்படி வாசித்து முடித்தேன் என்று நினைவில்லை. கைதட்டினார்கள். ஆளுக்கொரு சாக்லேட் கொடுத்துவிட்டு வந்துவிட்டேன்.

மறக்கவில்லை. அதுதான் பொய். என்னுடைய முதல் பிரதியில் கொப்பு இருந்தது. நானேதான் எடுத்தேன். ஏன் எடுத்தேன் என்பதும் தெரியும்.

பதின்மூன்று வயதில் தோட்டத்தைவிட்டு சிரம்பானுக்கு வந்தோம். இடைநிலைப்பள்ளியில் சேர்ந்த முதல் வருடம், வனப்பூங்கா ஒன்றுக்கு அழைத்துப்போனார்கள். பஸ்ஸைவிட்டு இறங்கி நடைபாதைக்குள் நுழையும்போது என் கை அதுபாட்டுக்கு ஒரு கொப்பை ஒடித்து, முதலில் நின்ற பெரிய மரத்தின் அடியில் போட்டுவிட்டது. "எஸ்டேட்டு, எஸ்டேட்டு" என்று சிரித்தார்கள். சிரித்தது மலாய்ப் பிள்ளைகளும் இல்லை, சீனப் பிள்ளைகளும் இல்லை. நான்கு தமிழ்ப் பெண்கள். எங்கள் ஆட்களுக்குள் அதைவிடப் பெரிய வசவு கிடையாது. தாத்தா காலத்தில் விடிகாலையில் ஒரே பிரட்டுக்களத்தில் கூடி வேலைக்குப் பேர்கொடுத்தவர்களின் பேரப்பிள்ளைகள், ஒருவரை ஒருவர் மட்டம் தட்ட வைத்திருக்கும் சொல் அது. அதற்குப் பிறகு எந்தக் காட்டுக்குப் போனாலும் கையைப் பையில் விட்டுக்கொள்வேன்.

சனிக்கிழமை காலையில் கணினியைத் திறந்து முதல் பிரதியையும் ரஹாங்குக்குப் போன பிரதியையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தேன். கொப்பு போனது ஒன்றுதான் என்று நினைத்தால், இல்லை. முனியாண்டிக்குப் பற்றவைத்த சுருட்டு ஊதுபத்தியாகியிருந்தது. குடித்துவிட்டுப் பந்தலுக்கடியில் தூங்கும் சித்தப்பா காணாமல் போயிருந்தார். பக்கத்து லயத்திலிருந்து பாதித் தூரம் வழிகாட்டிய இந்தோனேசியத் தொழிலாளியையும் காணவில்லை. எங்கள் ஊர் வழக்கப்படி பிள்ளைகள் "லா" போட்டுப் பேசியதெல்லாம் வானொலிச் செய்தித் தமிழாக மாறியிருந்தது. அம்மா தலையில் கட்டியிருந்த பழைய சட்டை, சாமி வந்து ஆடிய அத்தை, இன்னும் இரண்டு மூன்று. எண்ணிப் பார்த்தேன், ஒன்பது இடம். அவர் கேட்டது மூன்று. யாரும் கேட்காமலே நான் வெட்டியது ஒன்பது.

ஆட்டுக்காக அவ்வளவு சண்டை போட்டேனே, அந்த ஆட்டை நான் என்ன செய்திருந்தேன்? முதல் பிரதியில் அது வெட்டுக்கு வந்த ஆடு. கடைக்குட்டிப் பெண்ணுக்கு அது தெரியும். தேடிப் போகிறாளே தவிர, கிடைக்கக் கூடாது என்று மனசுக்குள் வேண்டிக்கொண்டே போகிறாள். கதையின் உயிரே அதுதான். ரஹாங்குக்குப் போன பிரதியில் ஆடு எதற்கு வந்தது என்று ஒரு வார்த்தை இல்லை. சும்மா வருகிறது, ஓடுகிறது, கிடைக்கிறது. அவர் நாய்க்குட்டி என்று நினைத்ததில் என்ன தப்பு?

என் கணவர் பதிவைக் கேட்டுவிட்டு, "முதல் அரமணி நேரம் நல்லாத்தான இருக்கு. அந்தப் பொண்ணு கேக்கிறத மட்டும் கட் பண்ணிட்டு அனுப்பு லா. யாருக்குத் தெரியப்போகுது?" என்றார்.

"பத்தாவதா?" என்று கத்தினேன். பாவம், அவருக்கு ஒன்றும் புரியவில்லை.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் பதிவை முழுசாக அனுப்பினேன். கூடவே முதல் பிரதியையும். திங்கட்கிழமை வேலை இடைவேளையில் அவர் அழைத்தார்.

"முழுசாக் கேட்டேன்மா. அந்தப் பொண்ணு கெட்டிக்காரி. ரெண்டு பிரதியையும் வெச்சுப் பாத்தேன். நான் மூணு எடத்துல கை வெச்சேன். நீங்க எத்தன எடத்துல வெச்சிருக்கீங்க?"

"ஒம்பது சார்."

"அப்ப என்ன மட்டும் ஏம்மா அந்தப் பேச்சுப் பேசினீங்க?"

"உங்களத் திட்டினது தப்பில்ல சார். என்னத் திட்டாம விட்டதுதான் தப்பு."

அதற்கு அவர், அந்த மூன்றையும் மாற்றித் தந்தால் இன்றைக்கே பட்டியலில் சேர்ப்பதாகவும், வெட்டப்போகும் ஆட்டைப் பள்ளிக்கூடத்துக்குள் அனுப்பத் தன்னால் முடியாது என்றும் சொன்னார். முடியாது சார் என்று நானும் சொன்னேன். பட்டியல் என் புத்தகம் இல்லாமல் போனது. இரண்டு வருடத்து உழைப்பு கணினியில் இருக்கிறது. எப்போது வரும், யார் போடுவார்கள், தெரியாது.

கோபம் இன்னும் தணியவில்லை. அவர் மேல் இருக்கிறது, சிரித்த அந்த நான்கு பேர் மேலும் இருக்கிறது. பதின்மூன்று வயதில் பயந்து கையைப் பையில் விட்டுக்கொண்ட சின்னப் பெண் மேல் இல்லை. ஆனால் நாற்பத்து நான்கு வயதில், சொந்த வீட்டுச் சாப்பாட்டு மேசையில், சிரிக்க ஒருவரும் இல்லாத ஞாயிற்றுக்கிழமையில் உட்கார்ந்து, அந்தப் பச்சைக் கொப்பைத் தன் விரலாலேயே அழித்தாளே ஒருத்தி, அவளை என்னால் மன்னிக்க முடியவில்லை.