பைன் காட்டில் பவுடர் வாசனை

ரெங்கசாமிக்கு அறுபத்திரண்டு வயது. கேரி தீவுச் செம்பனை எண்ணெய்த் தோட்டத்தில் பிறந்தவர். ஆறாம் வகுப்போடு புத்தகத்தைப் போட்டுவிட்டு களைக்கொல்லி மருந்துத் தொட்டியை முதுகில் ஏற்றிக்கொண்டார். அன்று முதல் அவர் செய்தது ஒரே வேலைதான்: வளரக் கூடாததை அழித்து, வளர வேண்டியதை வளரவிடுவது. செம்பனையில் முப்பது வருஷம். கிள்ளானுக்குக் குடிவந்த பிறகு சாலையோரப் புல். இப்போது மூன்று வருஷமாக ரவாங்குக்கு அப்பால் ஒரு மலைச்சரிவில், பைன் கன்றுகளுக்கு நடுவே.

பைன் வளர்ந்துவிட்டால் யாரையும் கேட்காமல் நிற்கும். அதுவரை அது சவலைப்பிள்ளை. லாலான் புல் தலைக்கு மேலே போனால் வெயில் கிடைக்காமல் வெளுத்துப் போகும். மருந்து அடிக்கலாம் என்றால், காற்றில் ஒரு துளி பறந்து வந்து பட்டாலே ஊசியிலை எல்லாம் சிவந்து கருகும். அதனால் வரிசைக்கு நடுவே, நைலான் கயிறு சுழன்று புல் வெட்டும் மெஷினைத் தோளில் மாட்டி வெட்டுவார்கள். கன்றைச் சுற்றி ஒரு கை அகலத்துக்கு அரிவாள் மட்டும்தான். கொடி ஏறியிருந்தால் உட்கார்ந்து விரலால் பிரித்தெடுக்க வேண்டும். எட்டுப் பேர் செய்யும் இந்த வேலைக்கு ரெங்கசாமிதான் மண்டோர், அதாவது மேஸ்திரி.

கன்று செத்துப்போன இடங்களில் மறுபடி நட்ட கன்றுகளைச் சூலாம் என்பார்கள். போன மழைக்கு நட்ட சூலாம் முழங்கால் உயரம்கூட வரவில்லை. குத்தாக ஊசி விட்டு நிற்கும். நாலடி தள்ளி நின்று பார்த்தால் அதுவும் லாலான் போலவே இருக்கும். அடையாளத்துக்கு ஒவ்வொன்றின் பக்கத்திலும் நுனியில் வெள்ளை பெயிண்ட் அடித்த மூங்கில் குச்சி நட்டிருந்தார்கள். "முதல்ல வரிசைய நடந்து பாரு. குச்சி எங்க எங்க இருக்குன்னு பாத்துக்க. அப்புறமா மெஷினத் தூக்கு" என்பது ரெங்கசாமியின் சட்டம். அதை மீறினால் என்ன ஆகும் என்பது கன்னையாவுக்குத் தெரியும்.

கன்னையா அவரைவிடப் பத்து வயது இளையவர், வாய் ஓயாதவர். ஒரு மாதத்துக்கு முன்னால் மூன்று சூலாமை மெஷினில் அடித்துவிட்டு, "காட்டுப் பன்னி தோண்டிருச்சு அண்ணே" என்று வந்து நின்றார். ரெங்கசாமி வெட்டுப்பட்ட அடித்தண்டைத் தடவிப் பார்த்தார். நார் நாராகப் பிய்ந்திருந்தது.

"பன்னி நைலான் கயிறு கட்டிக்கிட்டா வந்துச்சு?" என்றார்.

எல்லாரும் சிரித்தார்கள். அன்றே கன்னையாவின் மெஷினை வாங்கிக்கொண்டு கையில் அரிவாளைக் கொடுத்தார். அதிலிருந்து கன்னையா குனிந்த முதுகோடு கன்றைச் சுற்றிப் புல் அறுத்துக்கொண்டிருந்தார்.

இப்படி இருக்கும்போதுதான் ரெங்கசாமியின் மகள் தாமரைக்குப் பிள்ளை பிறந்தது. கல்யாணமாகி ஒன்பது வருஷம் கழித்துப் பிறந்த பெண் குழந்தை. ராத்திரி முழுக்க ஆஸ்பத்திரி நாற்காலியில் உட்கார்ந்திருந்தவருக்கு, விடியும் நேரத்தில் துணியில் சுற்றிக்கொண்டுவந்து காட்டினார்கள். வாங்கக் கை நீட்டினார். கை ஆடியது.

மெஷின் பிடித்துப் பிடித்து வந்த ஆட்டம் அது. நிறுத்திய பிறகும் விரலுக்குள் மெஷின் ஓடிக்கொண்டே இருக்கும். நுனியில் உணர்ச்சியே இருக்காது. சட்டைப் பொத்தானைக் கூட மனைவி இராஜம்மாதான் போட்டுவிடுவாள். தாமரை படுத்தபடியே அவர் கைக்குக் கீழே தன் கையை வைத்துத் தாங்கிக்கொண்டாள்.

"பாத்துப்பா, பாத்து."

"எனக்குத் தெரியாதா? உன்னையே தூக்கி வளத்தவன்தான்" என்றார். ஆனால் பிள்ளையின் சூடு அவர் விரலுக்குத் தெரியவில்லை. முழங்கைக்குத்தான் தெரிந்தது.

"இன்னிக்கு வேலைக்குப் போகாதீங்க லா" என்றாள் இராஜம்மா. அன்றைக்கு மத்தியானம் கான்ட்ராக்டர் சுகுமாறன் வந்து உயிரோடிருக்கும் கன்றுகளை எண்ணப்போகிறார், மண்டோர் இல்லாமல் ஆகாது என்று சொல்லிவிட்டு ரெங்கசாமி லோரி ஏறினார். பிள்ளையைத் துடைத்த சின்னப் பூந்துண்டு ஒன்று அவர் தோளிலேயே வந்துவிட்டது.

மலையில் வெயில் ஏறிவிட்டது. புல் தூசிக்கு எல்லாரும் மூக்கில் துணி கட்டுவார்கள். ரெங்கசாமி அந்தப் பூந்துண்டைக் கட்டிக்கொண்டார். பவுடர் வாசனை வந்தது. அதோடு பால் வாசனையும், இன்னும் பேர் தெரியாத என்னவோ ஒன்றும். கண் எரிந்தது, இடுப்பு கழன்றது, ஆனாலும் சிரிப்பு வந்தது. வரிசையை நடந்து பார்க்கக் காலில் தெம்பில்லை. மூன்று நாள் மழையில் லாலான் சாய்ந்து குச்சிகளை மூடியிருந்ததும் அவர் கண்ணில் படவில்லை. மெஷினை முடுக்கினார்.

மெஷின்காரனுக்குக் கண்ணைவிட மூக்குதான் காவல். புல் வெட்டினால் பச்சை வாசனை வரும். பைனில் பட்டால் புதிதாய் வார்னிஷ் அடித்த கதவு மாதிரி அடிக்கும், உடனே நிறுத்திவிடலாம். அன்று அவர் மூக்கில் பவுடர்தான் இருந்தது. வரிசை முடிந்து, தண்ணீர் குடிக்கத் துண்டைக் கீழே இழுத்தார்.

வார்னிஷ்.

மெஷினைக் கழற்றி வைத்துவிட்டு வந்த வழியே நடந்தார். காலால் புல்லை விலக்கி விலக்கிப் பார்த்தார். ஒன்று. இரண்டு. அடித்தண்டில் பால் போல் பிசின் கசிந்துகொண்டிருந்தது. பதினொன்று வரை எண்ணிவிட்டு அப்படியே புல்லில் உட்கார்ந்தார்.

கன்னையா அரிவாளோடு வந்து பக்கத்தில் நின்றார். குனிந்து ஒரு தண்டைத் தடவினார். அப்புறம் ரெங்கசாமியின் கழுத்தில் கிடந்த துண்டை முகர்ந்து பார்த்தார்.

"என்ன மண்டோரே, பன்னி பவுடர் போட்டுக்கிட்டு வந்துச்சா?"

ரெங்கசாமி துண்டின் நுனியைச் சட்டைக்குள் செருகிக்கொண்டார்.

"பேத்தியா, பேரனா?"

"பேத்தி."

"சரி விடுங்க." கன்னையா அந்தப் பக்கம் இந்தப் பக்கம் பார்த்தார். "சங்கோல் லோரியிலதான் கெடக்கு. எடுத்தாந்து நாலு கொத்து கொத்திவிட்டா பன்னி தோண்டின மாதிரியே இருக்கும். தண்டப் புடுங்கி வீசிடலாம். நம்ம பன்னி மேல யாரு கேஸ் போடப் போறா?"

ரெங்கசாமி லோரி நின்ற பக்கம் பார்த்தார். மெஷின் ஓட்டத் தெரிந்தவன் என்பதால்தான் அறுபது தாண்டியும் தன்னை வைத்திருக்கிறார்கள் என்பது அவருக்குத் தெரியும். மெஷினோடு மண்டோர் வேலையும் போகும். அதுவும் பிள்ளை பிறந்த அன்றைக்கே. கன்னையா சங்கோல் மண்வெட்டியோடு வந்து முதல் தண்டைப் பிடுங்கி மண்ணைக் கிளறினார். ரெங்கசாமியும் எழுந்து பூட்ஸ் காலால் ஈர மண்ணைச் சிதறவிட்டார். பார்க்க நன்றாகத்தான் இருந்தது.

"அசல் பன்னிதான்" என்றார் கன்னையா. வேர்வையைத் துடைத்துக்கொண்டே, கோபமில்லாமல் சொன்னார்: "அன்னிக்கு எனக்கு மட்டும் இந்தப் பன்னி வரமாட்டேன்னுருச்சு பாருங்க."

ரெங்கசாமியின் கால் நின்றுவிட்டது. இரண்டாவது குழி பாதியில் கிடந்தது.

அதற்குள் சுகுமாறனின் வண்டிச் சத்தம் கேட்டது. நாற்பது வயது, பெட்டாலிங் ஜெயாவிலிருந்து நெரிசலில் வந்த களைப்பு முகத்தில் தெரிந்தது. எண்ணுகிற தாளைக் கையில் வைத்துக்கொண்டு குழியைப் பார்த்தார்.

"என்ன அங்கிள், பன்னியா?"

"ஆமா பாஸ், பெரிய பன்னி" என்றார் கன்னையா.

ரெங்கசாமி துண்டை இழுத்து வாயைத் துடைத்தார். அந்த வாசனை மறுபடி வந்தது.

"பன்னி இல்ல பாஸ். நான்தான்."

"என்ன?"

"வரிசைய நடந்து பாக்காம வெட்டிட்டேன். பதினொன்னு போச்சு. குழி நாங்கதான் தோண்டினது."

சுகுமாறன் தாளில் பதினொன்றைக் குறித்துக்கொண்டார். "கன்னையாகிட்ட மூணுக்குத்தானே மெஷின வாங்கினீங்க?"

"ஆமா."

"அப்ப நான் என்ன செய்யணும்னு நீங்களே சொல்லுங்க அங்கிள்."

ரெங்கசாமி போய் மெஷினை எடுத்துவந்து, தோள்வாரோடு கன்னையாவிடம் கொடுத்தார். கன்னையா வாங்கவே கூச்சப்பட்டார். "இந்த பெல்ட்டு உங்க தொப்பைக்கு வச்சது அண்ணே, எனக்கு நிக்காது லா" என்றார். பிறகு வாரை நாலு துளை உள்ளே இழுத்து மாட்டிக்கொண்டார். மண்டோர் வேலையும் அவருக்கே போனது. ரெங்கசாமியை வேலையைவிட்டு நிறுத்தவில்லை. "அரிவாள் வேலைக்கு வாங்க, முடிஞ்சா" என்று மட்டும் சொல்லிவிட்டு சுகுமாறன் எண்ணப் போனார்.

முடிந்தது என்று சொல்ல முடியாது. நாலு வாரம் ரெங்கசாமி குத்துக்காலிட்டு, கன்று கன்றாய் நகர்ந்து புல் அறுத்தார். முட்டி வீங்கியது. சாயங்காலம் லோரியில் இரண்டு பேர் கை கொடுத்து ஏற்றினார்கள். கன்னையா ஒவ்வொரு காலையும் வரிசையை நடந்து பார்த்துவிட்டு, "குச்சி எல்லாம் இருக்கு அண்ணே" என்று அவரிடம் வந்து சொல்லிவிட்டுத்தான் மெஷினை முடுக்கினார். யாரும் அப்படிச் சொல்லச் சொல்லவில்லை.

முப்பதாம் நாள் சடங்கு பிரிக்ஃபீல்ட்ஸில், மாப்பிள்ளை வீட்டு அடுக்குமாடியில் நடந்தது. காலையில் பிள்ளைக்கு மொட்டை போட்டுக் குளிப்பாட்டியாகிவிட்டது. லிப்ட் வேலை செய்யாததால் நாலு மாடி ஏறி வந்த ரெங்கசாமி மூச்சு வாங்க சோபாவில் விழுந்தார். சட்டைப் பொத்தானை அன்று அவரே போட்டிருந்தார். ஒன்று மட்டும் மாறிப் போயிருந்தது.

தாமரை பிள்ளையைக் கொண்டுவந்து அவர் மடியில் வைத்தாள். கீழே தாங்கக் கை கொடுத்தவள், கொஞ்ச நேரம் பார்த்துவிட்டுத் தன் கையை மெல்ல எடுத்துக்கொண்டாள்.

"கை ஆடல அப்பா."

"ம்" என்றார். சுண்டுவிரலை நீட்டினார். பிள்ளை பிடித்தது. அந்த ஈரமும் சூடும் மங்கலாகத்தான் தெரிந்தது. ஆனாலும் விரலுக்கே தெரிந்தது.

சாப்பாட்டுக்கு இலை போட்டு எல்லாரும் உட்கார்ந்த பிறகும் அவரைக் காணவில்லை. இராஜம்மா சோபா பக்கம் எட்டிப் பார்த்தாள்.

"என்னம்மா, பிள்ள தூங்கிருச்சா?" என்று தாமரை கேட்டாள்.

"ரெண்டு பிள்ளையும் தூங்கிருச்சு" என்றாள் இராஜம்மா. குனிந்து பேத்தியை மட்டும் எடுத்துக்கொண்டாள். ரெங்கசாமி விழிக்காமல் லேசாகக் குறட்டை விட்டுக்கொண்டிருந்தார். இரண்டு கையும் வளைந்தபடியே மடியில் கிடந்தன.