யாருக்கு முழங்காலிடுவது

எங்கள் மூத்த பையனுக்கு ஞானஸ்நானம் கொடுக்க ஈஸ்டர் ஞாயிறு என்று எங்கள் சபைப் போதகரான ஐயர் நாள் குறித்துவிட்டார். என் மனைவி மாட்டேன் என்றாள்.

அவள் சண்டைக்காரி இல்லை. அடுப்பில் சோறு கொதித்துக்கொண்டிருந்தது, பிள்ளை மடியில் இருந்தான். தலையைக்கூட நிமிர்த்தாமல் சொன்னாள். "எனக்குப் பதில் தெரியணும். தெரிஞ்சப்புறம்தான் எம் புள்ள தலையில தண்ணி."

ஐம்பதுகளின் கடைசி. சிங்கப்பூரில், தேக்கா மார்க்கெட்டுக்குப் பின்னால் ஒரு கடைவீட்டின் மாடியில், பலகை அடித்த ஓர் அறையில் குடியிருந்தோம். நான் ஒரு காண்ட்ராக்டரிடம் மின்விசிறி மாட்டும் வேலையில் இருந்தேன். ஆறாம் வகுப்போடு பள்ளிக்கூடம் முடிந்தது. எங்கள் குடும்பம் தாத்தா காலத்திலேயே வேதத்துக்கு வந்துவிட்ட குடும்பம். அவள் அப்படி இல்லை. அவள் வீட்டில் மாரியம்மனும் முருகனும் விளக்கும் இருந்தன. கல்யாணத்துக்கு முன் அவளுக்குப் பாடம் சொன்ன உபதேசியார், தேவன் ஒருவரே, அவரைத் தவிர வேறில்லை என்று சொல்லிக்கொடுத்தார். அதை அப்படியே நம்பி வீட்டை விட்டு வந்தாள். அன்றிலிருந்து அவள் அம்மா அவளோடு பேசவில்லை. ராங்கூன் ரோட்டில் எதிரே வந்தால்கூட அந்த அம்மாள் சாலையைக் கடந்து அந்தப் பக்கம் போய்விடுவார்.

கேள்வியைக் கிளப்பியது கீழே மளிகைக்கடை வைத்திருந்த பாய். கெட்ட எண்ணத்தில் இல்லை. பிள்ளை பிறந்தபோது முதலில் பேரீச்சம்பழம் கொண்டுவந்தவரே அவர்தான். ஒருநாள் அவள் பருப்பு வாங்கும்போது கேலியாகக் கேட்டிருக்கிறார். "ஏன் தங்கச்சி, உங்க அம்மா வீட்ல நெறைய சாமி. அது வேணாம்னு வந்துட்டே. இங்க வந்து ஒண்ணுங்கிறீங்க, அப்புறம் அப்பாங்கிறீங்க, மகன்ங்கிறீங்க. கணக்கு உதைக்குதே லா?"

அவள் சிரித்துவிட்டுத்தான் மாடி ஏறியிருக்கிறாள். ஆனால் அது உள்ளே தைத்துவிட்டது. "இயேசு இன்னொரு சாமின்னா, நான் எங்கம்மாவ விட்டுட்டு வந்தது எதுக்கு?" என்று என்னைக் கேட்டாள். "ஒண்ணுன்னு சொல்லித்தானே கூட்டிட்டு வந்தீங்க?"

பிறந்ததிலிருந்து சபைக் கோயிலுக்குப் போகிறவன் நான். ஒருநாள்கூட இதை நான் கேட்டதில்லை.

ஐயரை அழைத்துவந்தேன். நல்ல மனுஷர். நாற்காலியில் உட்கார்ந்து காபி குடித்துக்கொண்டே, தண்ணீர் ஐஸாகிறது, ஆவியாகிறது, மூன்றும் தண்ணீர்தானே என்று விளக்கினார். அவள் மரியாதையாகத் தலையாட்டினாள். அவர் படியிறங்கியதும் என்னிடம், "ஐயா நல்லாத்தான் சொன்னாங்க. ஆனா நான் அம்மாவ விட்டுட்டு வந்தது ஐஸ் தண்ணிக்கா?" என்றாள்.

அன்றைக்கு ஒரு முடிவு செய்தேன். ஞானஸ்நானத்தைத் தள்ளிப்போடப் போவதில்லை. அவளை வற்புறுத்தவும் போவதில்லை. ஈஸ்டருக்குள் பதிலைத் தேடிப் பிடிப்பது. மதியச் சாப்பாட்டு வேளையில், வேலை நடக்கும் இடத்தில், ஏணிப்படியில் உட்கார்ந்து வேதாகமத்தை ஆதியிலிருந்து படிக்கத் தொடங்கினேன். கூட வேலை செய்த சீனர்கள் என்னை 'பாஸ்டர், பாஸ்டர்' என்று கிண்டல் செய்தார்கள். செய்யட்டும் என்று விட்டுவிட்டேன்.

படிக்கப் படிக்கப் பயம்தான் கூடியது. பழைய ஏற்பாடு முழுக்க அவள் பக்கமே பேசியது. ஒருவரே, ஒருவரே, வேறொருவரைப் பணியாதே.

அந்தச் சமயத்தில்தான் மிடில் ரோட்டுப் பக்கம் யூதர்களுடைய ஜெப ஆலயம் ஒன்றில் விசிறி மாட்டும் வேலை வந்தது. வியாழக்கிழமை காலை. நாங்கள் போனபோது உள்ளே வாசிப்பு நடந்துகொண்டிருந்தது. முடியும்வரை ஏணியோடு வாசலில் நின்றேன். பெரிய தோல் சுருளை விரித்து வைத்து, வெள்ளிக்கோல் ஒன்றால் வரி வரியாகத் தொட்டுக்காட்டி ஒருவர் ராகத்தோடு வாசித்தார். யாரும் விரலால் அதைத் தொடவில்லை.

வேலை முடிந்ததும், ஆலயத்தைப் பார்த்துக்கொள்கிற பெரியவர் எனக்குத் தேநீர் கொடுத்தார். பாக்தாத் பக்கத்திலிருந்து வந்த குடும்பம், ஆனால் மலாய் எங்களைப் போலவே பேசினார். நாங்கள் மலாயில்தான் பேசினோம். சுருளைப் பற்றிக் கேட்டேன்.

"கையால தொட மாட்டோம்," என்றார். "அதைவிடப் பெரிசு ஒண்ணு இருக்கு. அதுக்குள்ள தெய்வத்தோட சொந்தப் பேர் வரும். எழுதியிருக்கும், ஆனா வாயால சொல்ல மாட்டோம். அந்த இடத்துல 'ஆண்டவர்'னு வாசிப்போம். எங்க பாட்டன் முப்பாட்டன் காலத்துலேருந்து அப்படித்தான்."

நான் தயங்கித் தயங்கி இயேசுவைப் பற்றிக் கேட்டேன்.

"அது உங்க விஷயம்," என்று சிரித்தார். "எங்களுக்கு ஒருத்தர்தான். இன்னொருத்தர் முன்னால முட்டி போடச் சொன்னப்ப எங்க ஆளுங்க உயிரையே விட்டிருக்காங்க. போடல."

"சரி, இயேசுவுக்கு மொதமொதல்ல முட்டி போட்டவங்க யாரு?"

அவர் தேநீர்க் கோப்பையைக் கீழே வைத்தார். "எங்க ஆளுங்கதான். அதானே எங்களுக்குத் தலைவலி!" என்று சொல்லி என் முதுகில் ஓர் அடி போட்டார். "போ, அந்த விசிறி சத்தம் போடுதான்னு பாரு."

விசிறி சத்தம் போடவில்லை. என் தலைக்குள்தான் ஏதோ சுற்ற ஆரம்பித்தது. ஊரில் பத்துச் சாமிக்கு நடுவே பதினொன்றாக ஒன்றைச் சேர்த்துக்கொள்கிற ஜனம் அல்ல அது. அந்தப் பேரை வாயில் வைக்கவே அஞ்சுகிற ஜனம். அப்படிப்பட்டவர்கள் இயேசுவைப் பார்த்து 'ஆண்டவர்' என்றார்கள் என்றால், தெரியாமல் சொல்லியிருக்க மாட்டார்கள்.

வீட்டுக்கு வந்து அவளிடம் சொன்னேன். சுருளையும் வெள்ளிக்கோலையும் சொன்னபோது கேட்டுக்கொண்டே இருந்தாள். பேரைச் சொல்ல மாட்டார்கள் என்றதும், "இதுல என்னங்க அதிசயம்? நான் உங்க பேரச் சொல்லியிருக்கேனா?" என்றாள்.

உண்மைதான். பிரசவத்துக்குப் போனபோது புருஷன் பேர் என்ன என்று நர்ஸ் கேட்டதற்கு, "கேட்டுக்கு வெளிய நிக்கிறாரே, நீலச் சட்டை" என்று சொன்னவள் அவள். நர்ஸ் வெளியே வந்து என்னிடம் கேட்டுக்கொண்டு போனார்.

அதன்பின் நான் மட்டும் படிக்கவில்லை. விளக்கு வைக்கும் நேரத்தில் இருவரும் உட்காருவோம். அவள் எழுத்துக்கூட்டி வாசிப்பாள், பிள்ளை அவள் காலில் கிடப்பான். ஒருநாள் பழைய தீர்க்கதரிசி ஒருவரின் ஆகமம். என்னைத் தவிர வேறு தேவன் இல்லை, முழங்கால் யாவும் எனக்கே முடங்கும் என்று தேவன் அங்கே கண்டிப்பாகச் சொல்லுகிறார். "இதத்தான் எனக்கு உபதேசியார் சொன்னாரு," என்றாள்.

நான் புதிய ஏற்பாட்டைப் புரட்டி, அப்போஸ்தலர் ஒருவர் சிறையிலிருந்து எழுதிய பகுதியை எடுத்துக் கொடுத்தேன். தேவன் இயேசுவுக்கு எல்லா நாமத்துக்கும் மேலான நாமத்தைக் கொடுத்தார், அந்த நாமத்தில் முழங்கால் யாவும் முடங்கும் என்கிறார் அவர். அவள் வாசித்தாள். முன்னால் திருப்பி அதை வாசித்தாள். மறுபடி இதை வாசித்தாள்.

"அதே முழங்கால்தானே இது?"

"அதேதான்."

"இத எழுதினவரும் அந்த ஜனமா?"

"அந்த ஜனந்தான். சின்ன வயசுலேருந்து ஒருவரே, ஒருவரேன்னு சொல்லி வளந்தவரு."

பிள்ளையைத் தட்டிக்கொண்டே மெதுவாகப் பேசினாள். "அப்ப இவங்க பக்கத்துல இன்னொரு சாமியக் கொண்டாந்து வைக்கல. அந்த ஒருத்தரோட பேரையே இவருக்குக் கொடுத்திருக்கு. அதுவும் மனுஷங்க கொடுக்கல, அவரே கொடுத்தாருன்னு இருக்கு." சட்டென்று என்னைப் பார்த்தாள். "மாமா பேரத்தானே இவனுக்கு வைக்கப் போறீங்க?"

"ஆமா." எங்கள் வீட்டில் மூத்த பேரனுக்குத் தாத்தா பெயர்தான்.

"அந்தப் பேர் வந்துட்டா, இவன நான் டேய்னு கூப்பிட மாட்டேன். அந்தப் பேரச் சொல்லித் திட்டவும் மாட்டேன். மாமாவுக்கு உள்ள மரியாத இவனுக்கும் வந்துரும். அதுக்காக மாமா மரியாத கொறஞ்சிருமா?"

"கொறையாது," என்றதோடு நிறுத்திக்கொண்டேன். இதையும் நீளமாக இழுத்தால் ஐயரின் ஐஸைப் போல எங்கேயாவது உருகிவிடும் என்று எனக்குத் தெரியும். என் அப்பாவும் பையனும் இரண்டு ஆட்கள், தேவன் ஒருவரே. அவளுக்கும் அது தெரிந்துதான் இருந்தது. முழுசாகப் புரிந்தது என்று நாங்கள் அன்றும் சொல்லவில்லை, இன்றும் சொல்லவில்லை. ஆனால் அவள் ஏமாற்றப்படவில்லை என்பது தெரிந்துவிட்டது. அவளுக்கு வேண்டியதும் அதுதான்.

ஈஸ்டர் ஞாயிறன்று அவளே பிள்ளையைத் தூக்கிக்கொண்டு முன்னால் போனாள். ஐயர் பேரைக் கேட்டார். அவள் வாய் திறக்காமல் என்னைத் திரும்பிப் பார்த்தாள். நான் என் அப்பா பெயரைச் சொன்னேன். தண்ணீர் பட்டதும் பையன் வீறிட்டான். அப்பமும் ரசமும் வாங்கும் திருவிருந்துக்கு எல்லோரும் எழுந்தபோது, நான் அவளைப் பார்க்காமல் முன்னே நடந்தேன். பீடத்தின் முன் முழங்காலிடுவதா இல்லையா என்பது அவளுடைய முடிவு. எனக்குப் பக்கத்தில் பட்டுப்புடவை சரசரத்தது. பையனை இடுப்பில் வைத்தபடியே முழங்காலிட்டிருந்தாள்.

அவள் அம்மா வரவில்லை. சொல்லி அனுப்பியிருந்தோம்.

வீடு திரும்பியபோது பாய் கடைவாசலில் நின்றார். "என்ன தங்கச்சி, கணக்கு நேராயிருச்சா?"

"ஒண்ணுதான் பாய்," என்றாள் அவள். "ஒண்ண விட்டுட்டு நாங்க எங்கயும் போகல."

"நானும் ஒண்ண விடல லா," என்று சிரித்தபடி பிள்ளையை வாங்கிக்கொண்டார் பாய். "பேர் என்ன வச்சீங்க?"

அவள் சிரித்துக்கொண்டே என் பக்கம் கையைக் காட்டினாள்.