பதினோராம் பக்கத்துக் கடிதம்

அஞ்சலீனாவுக்கு டேனிஷ் மொழியைப் பழக்கியது பள்ளிக்கூடம் அல்ல, வாராவாரம் வந்த ஒரு சிறுவர் இதழ். பாதி சித்திரக்கதை, பாதி வாசகர் கடிதம். மன்னாரிலிருந்து அகதியாக டென்மார்க்கின் சின்ன நகரமொன்றில் போய் இறங்கியபோது அவளுக்கு எட்டு வயது. படத்தைப் பார்த்து, குமிழிக்குள் இருந்த சொல்லை ஊகித்து ஊகித்தே ஒரு வருடத்தில் மொழி நாக்கில் ஏறிவிட்டது. அதன்பிறகு வீட்டுக்கு வந்த கடிதம், அலுவலகம், ஆஸ்பத்திரி எல்லாவற்றுக்கும் அவள்தான் வாய்.

பன்னிரண்டு வயதில் அந்த இதழுக்கு ஒரு கடிதம் எழுதினாள். பெயர் போடவில்லை, தமிழ்ப்பிள்ளை என்றும் ஊர்ப்பெயரும் மட்டும் போட்டிருந்தாள். பதினோராம் பக்கத்தில் வந்தது. பள்ளிக்கூடத்தில் தமிழ்ப்பிள்ளை அவள் ஒருத்திதான் என்பதால், ஆசிரியை கண்டுபிடித்து இதழோடு வீட்டுக்கே வந்துவிட்டாள். ஆசிரியை சொன்னதை அப்பாவுக்குச் சொல்லவும் அஞ்சலீனாதான் நிற்கவேண்டியிருந்தது. பயத்தில் முக்கால்வாசியை விழுங்கிவிட்டு, ஆஸ்பத்திரி விஷயம் எழுதினதாக மட்டும் சொன்னாள். அப்பா கஸ்பருக்கு அதுவே போதும். வீட்டுக் கதையை ஊருக்குச் சொன்னவள் என்று பெயர் வைத்தார். வீட்டுக்கு இதழ் வருவது நின்றது. குடியுரிமை கிடைத்த கையோடு, தலைகாட்ட ஏலாது என்று குடும்பத்தை லண்டனுக்குக் கிளப்பினார்.

பதினாறு வயதில் இங்கே வந்தவளுக்கு டேனிஷ் உதவவில்லை, ஆங்கிலம் போதவில்லை. பரீட்சையும் கைவிட்டது. இப்போது நாற்பத்திரண்டு வயது, முதியோர் இல்லத்தில் ஷிப்ட் வேலை. அப்பா செத்து நாலு வருடம்.

போன சனிக்கிழமை, லண்டன் செவன் கிங்ஸில் தம்பி ஜெனோசன் வீட்டுக்கு அஞ்சலீனா போயிருந்தபோது, அவன் மகள் மெலனி பள்ளிக்கூட வேலைக்காக அப்பம்மாவிடம் கேட்டாள், ஏன் டென்மார்க்கை விட்டு வந்தீர்கள் என்று. அம்மா றோஸ்மலர் யோசிக்கவேயில்லை.

"உன்ர மாமியாலதான். அவள் பேப்பருக்கு எழுதி எங்களை நாறடிச்சவள்."

எத்தனையோ தரம் கேட்ட பேச்சுத்தான். அன்றைக்கு ஏனோ பொறுக்கவில்லை.

"நான் என்ன எழுதினனான் எண்டு உங்களுக்குத் தெரியுமோ, அம்மா?"

தெரியாது. அதை ஒருவரும் தமிழில் சொன்னதேயில்லை. முப்பது வருடம் மனப்பாடமாய்க் கிடந்ததை அஞ்சலீனா சொன்னாள். அம்மா ஏழு மாதக் கர்ப்பமாய் இருந்தபோது ஸ்கான் பண்ணிய டொக்டர், வயிற்றுப்பிள்ளை இறந்துவிட்டது, அம்மாவுக்குச் சொல் என்று தன்னிடம் சொன்னதை. வாய் வராமல், பிள்ளை நித்திரையாம் என்று தான் சொன்னதை. அம்மாவுக்கு விளங்கவில்லை என்று கண்ட ஆஸ்பத்திரிக்காரர், மொழிபெயர்ப்பாளர் ஒருவரைத் தேடிப்பிடித்துத் தொலைபேசியில் சொல்லவைக்க இரண்டு மணித்தியாலம் போனதை. நான் செய்தது பாவமா என்று கடிதத்தின் கடைசியில் கேட்டதை. பாவமில்லை, அது பெரியவர்கள் செய்யவேண்டிய வேலை என்று இதழ்க்காரர் பதில் போட்டிருந்தார்கள்.

அம்மா மெதுவாகச் சொன்னாள்.

"அந்த ரெண்டு மணித்தியாலமும் நான் பிள்ளைக்குப் பேர் யோசிச்சுக்கொண்டு கிடந்தனான். நீ தெரிஞ்சுகொண்டு பக்கத்தில நிண்டனி."

"எனக்குப் பன்னிரண்டு வயசம்மா."

அம்மா எழும்பி அறைக்குள் போய்க் கதவைச் சாத்தினாள். இவ்வளவு காலம் கழித்து இதைச் சொல்லவேணுமா என்று தம்பி கேட்டான். சொன்னால் பாரம் இறங்கும் என்று அஞ்சலீனா நம்பியிருந்தாள். பழைய பழி பொய்யென்று அவளுக்குத் தெரியும், அதனால் சுமக்க முடிந்தது. அம்மா இப்போது சொன்னது அப்படியல்ல, உண்மை.

அடுத்தநாள் ஞாயிற்றுக்கிழமை தேவாலயப் பூசைக்கு அம்மா தம்பியின் காரில் போனாள். வழியில் அஞ்சலீனாவை ஏற்ற வேண்டாம் என்று சொல்லியிருந்தாளாம். அஞ்சலீனா பஸ்ஸில் போய் இறங்கியபோது பிரசங்கம் தொடங்கியிருந்தது. கடைசி வாங்கில் இடம் இருந்தது, அதில் போய் அமர்ந்தாள்.